மின்சாரத்துக்கு ஓர் ஏரிக்கரை

சித்திரை, வைகாசி மாதங்களில் எங்கள் திருவண்ணாமலையில் வெயில் எப்படிக் காயும் என்பதைக் கிரிவலம் வந்த நேயர்களுக்கு நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. மலை முழுவதும் பாறை. பகலெல்லாம் வாங்கிக்கொண்ட சூட்டை அது இராத்திரி வெகு நேரம் வரையில் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருக்கும். வீட்டுக்கு வீடு மின்சார விசிறி படுத்துக்கொள்வதும் அந்த மாதங்களில்தான். சுவிட்சைப் போட்டால் ‘உம்’ என்று முனகும், சுற்றாது. துடைப்பக் குச்சியால் இறக்கையை ஒரு தள்ளுத் தள்ளினால், மனமில்லாமல் சுற்றத் தொடங்கும். மிஸ்திரியை அழைத்து வந்தால் அவர் விசிறியைக் கழற்றிப் பார்ப்பதுகூடக் கிடையாது. “கண்டென்ஸர் போயிடுச்சுங்க” என்று ஒரே வார்த்தையில் தீர்ப்புச் சொல்லி, உள்ளங்கையில் அடங்கும் ஒரு டப்பியைக் கழற்றி எறிந்துவிட்டு, வேறொன்றை வைத்துவிட்டுப் போய்விடுவார்.

எறிந்த டப்பியை உடைத்துப் பார்த்தவர்கள் நம்மில் மிகச் சிலரே. உள்ளே இருப்பது ஒரு சுருள். கண்ணாடிபோல் தெளிந்த பிளாஸ்டிக் ஏடு. அதன் ஒரு முகத்தில் வெள்ளிப் பூச்சுப் போன்ற உலோகப் படலம். ஏட்டின் கனம் ஐந்தாறு மைக்ரான். அதாவது தலைமயிரின் கனத்தில் பத்தில் ஒரு பங்குகூட இராது. 2.5 மைக்ரோஃபாரட் என்று அச்சிட்ட சாதாரண விசிறிக் கண்டென்ஸரின் சுருளைப் பிரித்துத் தரையில் விரித்தால் சுமார் ஏழு சதுர அடி இடத்தை அடைக்கும். இந்த ஏட்டை நம்பித்தான் விசிறி சுற்றுகிறது. விசிறி மட்டுமா? மின்சார ரயில், மின்சார மோட்டார் கார், மாகாணம் விட்டு மாகாணம் மின்சாரம் கொண்டுபோகும் மாபெரும் நிலையங்கள் எல்லாம் இதே ஏட்டின் தயவில்தான் நடக்கின்றன. அந்த ஏட்டுக்கோ உஷ்ணம் ஆகாது. நம் தேசமோ உஷ்ண தேசம். சங்கடம் அங்கேதான் ஆரம்பமாகிறது.

கண்டென்ஸர் என்பது மின்சாரத்தைத் தேக்கி வைக்கும் சாதனம். இரண்டு உலோகத் தகடுகள். நடுவே மின்சாரம் பாயாத ஒரு பொருள். அவ்வளவுதான். 1745, 1746-ஆம் வருஷங்களில் ஐரோப்பாவில் கண்ணாடி ஜாடியை வைத்துச் செய்த ‘லேடன் ஜாடி’தான் இந்தக் குலத்துக்கு மூதாதை. எவ்வளவு தேக்கும் என்று கேட்டால், சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. எங்கள் ஊர்க் கார்த்திகைத் தீபத்தை எடுத்துக்கொள்வோம். 2,668 அடி உயரமுள்ள மலையுச்சியில், கொப்பரை நிறைய வார்த்த நெய்யில் ஏற்றும் ஜோதி பதினொரு நாள் நின்று எரிகிறது. ஒரு கிராம் நெய்யில் சுமார் 37,000 ஜூல் சக்தி அடங்கியிருக்கிறது. நல்ல லித்தியம் பாட்டரியில் கிராமுக்குச் சுமார் 900 ஜூல். நம்முடைய ஏட்டிலோ, அது கிழியும் எல்லை வரையில் மின்சாரத்தை ஏற்றினாலும், ஒரு கன சென்டிமீட்டருக்கு ஐந்து ஜூல்தான் தேறும்!

அப்படியானால் இதை ஏன் கட்டிக்கொண்டு அழ வேண்டும்? நெய்யும் பாட்டரியும் செய்ய முடியாத ஒன்றை இது செய்வதால்தான். தன்னிடம் உள்ளதையெல்லாம் ஒரு செகண்டில் லட்சத்தில் ஒரு பங்கு நேரத்துக்குள் கொட்டிவிடும். அதே வேகத்தில் வாங்கியும் கொள்ளும். கோடிக்கணக்கான தடவை இப்படிச் செய்தாலும் களைக்காது. இருதயம் தாறுமாறாகத் துடித்து உயிர் ஊசலாடும்போது வைத்தியர் மார்பில் ஒரு மின்சார அதிர்ச்சி கொடுக்கிறாரே, அது சுமார் 200 ஜூல். கணக்குப் பார்த்தால் ஒரு சொட்டு நெய்யில் ஐந்தில் ஒரு பங்குதான். ஆனால் அதைச் சில ஆயிரத்தில் ஒரு பங்கு செகண்டுகளில் கொடுத்தாக வேண்டும். கொடுப்பது கண்டென்ஸர். எவ்வளவு சேர்த்து வைத்திருக்கிறாய் என்பதைவிட, சமயத்தில் கொடுப்பாயா என்பதே உலகத்தில் முக்கியமாகிவிடுகிற சந்தர்ப்பங்கள் உண்டு.

இனி ஏரிக்கு வருவோம். எங்கள் ஜில்லா ஏரிப்பாசன ஜில்லா. கரை, மதகு, கலிங்கு, கசிவு, உடைப்பு என்ற சொற்களெல்லாம் இங்கே பள்ளிப் பிள்ளைகளுக்குக்கூட அத்துபடி. கண்டென்ஸரைப் பாடம் சொல்லும்போது நான் ஏரியைத்தான் துணைக்கு அழைப்பது வழக்கம். நீர் மட்டத்தின் உயரந்தான் வோல்டேஜ். நடுவே உள்ள ஏடுதான் கரை. செங்குத்துச் சுவருள்ள குளத்தில் நீரின் உயரம் இரண்டு பங்கானால் அதில் அடங்கிய சக்தி நான்கு பங்காகும். கண்டென்ஸரிலும் அப்படியே, வோல்டேஜ் இரட்டித்தால் சக்தி நான்கு மடங்கு. ஆகையால் இந்தத் தொழிலில் சாமர்த்தியம் எல்லாம் கரையை உயர்த்துவதில் இருக்கிறது. மெல்லிய ஏடு எத்தனை வோல்டைத் தாங்கும் என்பதே கேள்வி. பாலிபுரொப்பிலீன் என்ற பாலிமர் ஒரு மைக்ரான் கனத்துக்குச் சுமார் 700 வோல்ட் வரையில் தாங்குகிறது. இத்தாலியில் நாட்டா என்ற ரஸாயன விற்பன்னர் 1954-இல் ஒழுங்கான வடிவத்தில் உண்டாக்கிய பொருள் இது. அந்த வேலைக்காக அவரும் ஜெர்மனியின் ஸீக்லரும் 1963-இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்கள். நம் வீட்டுப் பக்கெட்டும் மூடியும் இதே வம்சந்தான். ஆனால் கண்டென்ஸருக்கு வேண்டியது அந்தச் சரக்கு அல்ல. ரஸாயனக் கிரியையில் மிஞ்சும் உலோகத் துகள் பத்து லட்சத்தில் சில பத்துப் பங்குக்கு மேல் இருந்தால் ஏடு உதவாது.

இந்த ஏட்டுக்கு இன்னொரு குணம் உண்டு; அதை நினைத்தால் ஆச்சரியமாயிருக்கும். ஏட்டில் எங்கேயாவது ஒரு பலவீனமான புள்ளி இருந்து அங்கே மின்சாரம் பீறிட்டுக்கொண்டு பாய்ந்தால், அந்தச் சூட்டில் ஓட்டையைச் சுற்றியுள்ள உலோகப் பூச்சு ஆவியாகிப் போய்விடும். உலோகமே இல்லாத இடத்துக்கு மின்சாரம் எப்படி வரும்? ஓட்டை தானாகவே தனித்துப் போகிறது; கண்டென்ஸர் ஒன்றும் நடவாததுபோல் வேலை செய்துகொண்டிருக்கிறது. வைகைக் கரை உடைந்தபோது அதை அடைக்கச் சொக்கநாதரே பிட்டுக்கு மண் சுமக்க வர வேண்டியிருந்தது. இங்கே உடைப்பு தன்னைத் தானே அடைத்துக்கொள்கிறது! இதற்குக் காரணம் பாலிபுரொப்பிலீன் கற்பூர ஜாதி என்பதுதான். எரிந்தால் வாயுவாய்ப் போகும். கரியை அவ்வளவாக மிச்சம் வைக்காது. கரி மிஞ்சினால் அதன் வழியே மின்சாரம் ஓடிக் காரியம் கெட்டுவிடும். இந்தக் கற்பூரக் குணத்தை நேயர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் இது ஒரு பெரிய வழக்காக வரப்போகிறது.

ஏட்டுக்கு முந்திய கதையும் நம்முடைய கதைதான். பாலிமர் வருவதற்கு முன், உயர்ந்த ரகக் கண்டென்ஸருக்கு ஆதாரமாயிருந்தது அப்பிரகம். நம் சித்த வைத்தியர்கள் செந்தூரம் செய்யும் அதே காக்காப் பொன். முதல் உலக யுத்தத்தின்போதே கம்பியில்லாத் தந்தி யந்திரங்களில் அப்பிரகக் கண்டென்ஸர் அமர்ந்துவிட்டது. இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் உலகத்துக்கு வேண்டிய அப்பிரகத் தகட்டில் பெரும் பகுதி இந்தியாவிலிருந்துதான் போயிற்று. அந்நாளைய பீகாரைச் சேர்ந்த கோடர்மா பக்கத்திலும், அந்நாளைய சென்னை மாகாணத்து நெல்லூர் ஜில்லாவில் கூடூர்ப் பக்கத்திலும் சுரங்கங்கள் இருந்தன. இரண்டாவது உலக யுத்தத்தில் பிரிட்டனும் அமெரிக்காவும் சேர்ந்து இந்த அப்பிரகத்தை வாங்குவதற்கென்றே இந்தியாவில் ஒரு குழுவை வைத்தன. ரேடியோவும் ராடாரும் அது இல்லாமல் நடவா. இங்கே பெண்களும் பிள்ளைகளும் உட்கார்ந்து கத்தியால் பிளந்து பிளந்து தகடாக்கினார்கள். தகடு கப்பலேறிற்று, கண்டென்ஸராகவும் ரேடியோப் பெட்டியாகவும் உருமாறித் திரும்பி வந்து கூலியைப்போல் நூறு மடங்கு விலை கேட்டது. பருத்தியை அனுப்பி மல் துணியை வாங்கிய கதைக்கு இதைத் தம்பி என்று சொல்லலாம். அப்பிரகம் பல நூறு டிகிரி உஷ்ணத்தைப் பொருட்படுத்தாது. ஆனால் சுருட்ட வராது. கிடைக்கும் துண்டின் அளவே அளவு. மைல் கணக்கில் சுருளாக ஓடக்கூடிய பாலிமர் ஏடு வந்ததும், அப்பிரகம் சிறு சிறு வேலைகளோடு ஒதுங்கிக்கொண்டது.

இன்று இந்த ஏடு எந்த அளவில் வேலை செய்கிறது என்பதைப் பார்க்க விரும்புகிறவர்கள் கொங்கு நாட்டுப் புகளூரை நினைத்துக்கொள்ள வேண்டும். சத்தீஸ்கரில் உள்ள ராய்கரிலிருந்து புகளூர் வரையில் சுமார் 1,765 கிலோமீட்டர் நீளத்துக்கு 800 கிலோவோல்ட் நேர்மின் பாதை ஒன்று வந்திருக்கிறது. 6,000 மெகாவாட் மின்சாரத்தைச் சுமக்கும் திறமுடையது. அங்கிருந்து மலையாளத் தேசத்துத் திருச்சூருக்கு இன்னொரு நேர்மின் இணைப்பு. 320 கிலோவோல்ட், 2,000 மெகாவாட். இந்த இரண்டாவது இணைப்பு 2021 பிப்ரவரியில் தொடங்கி வைக்கப்பட்டது. நம் தேசத்தில் இது புது மாதிரியானது. இதன் மாற்று நிலையங்களில் மின்சாரத்தைச் சிறுசிறு படிகளாக அடுக்கி அலை வடிவத்தை உண்டாக்குகிறார்கள். ஒவ்வொரு படிக்கும் ஒரு பெரிய கண்டென்ஸர், அப்படி ஆயிரக்கணக்கில். அவை அத்தனைக்குள்ளும் இருப்பது நம் விசிறி டப்பியில் உள்ள அதே பாலிபுரொப்பிலீன் ஏடுதான். முப்பந்தலிலும் ஆரல்வாய்மொழியிலும் காற்றாலைகள் சுற்றிச் சுற்றி, தமிழ் நாட்டின் காற்று மின்சாரம் 10,000 மெகாவாட் திறனைத் தாண்டிவிட்டது. காற்று நமக்குக் கட்டுப்பட்டதல்ல. வேண்டிய இடத்துக்கு வேண்டிய திசையில் மின்சாரத்தைத் திருப்பிவிட இத்தகைய நிலையங்கள் இல்லாமல் தீராது. பெரம்பூர் ரயில் பெட்டித் தொழிற்சாலை 2018-இல் முதன்முதலாகச் செய்து முடித்த வந்தே பாரத் வண்டியில், மோட்டார்களை ஓட்டும் மின்மாற்றுப் பெட்டிகள் பெட்டிகளின் அடியில் தொங்குகின்றன. அடியில் தண்டவாளத்துக் கருங்கல் ஜல்லி. வெயில் நாளில் அது வறுக்கிற சட்டிக்குச் சமானம்.

இப்போது உஷ்ணத்தின் சங்கதி. பாலிபுரொப்பிலீன் 85 டிகிரி செண்டிகிரேட் வரையில் மரியாதையாய் நடந்துகொள்ளும். வோல்டேஜைக் குறைத்துக்கொண்டால் 105 டிகிரி வரையில் தள்ளலாம். 165 டிகிரி அளவில் உருகியே போய்விடும். உருகுவதற்கு வெகு முன்னாலேயே விபத்து தொடங்குகிறது. ஏரிக்கரை எப்படி உடைகிறது? ஒரே நாளில் வெள்ளம் மோதி உடைவது அபூர்வம். முதலில் ஈரம் கசிகிறது. கசிந்த இடம் இளகுகிறது. இளகின இடத்தில் இன்னும் கசிகிறது. ஒரு நள்ளிரவில் திடீரென்று வாய் பிளக்கிறது. ஏட்டிலும் அச்சாக இதேதான். சூடு ஏறினால் எலெக்ட்ரான்கள் ஏட்டுக்குள் இடம் பெயரத் தொடங்குகின்றன. அந்தக் கசிவே சூட்டை உண்டாக்குகிறது. அந்தச் சூடு கசிவைப் பெருக்குகிறது. பத்து டிகிரி உஷ்ணம் கூடினால் ஆயுள் பாதியாகும் என்பது தொழிலில் உள்ளவர்கள் கையாளும் தோராயக் கணக்கு. சுற்றுப்புறம் பதினைந்து டிகிரியில் இருக்கும் ஸ்வீடனில் வைக்கும் கண்டென்ஸருக்கும், நாற்பதைத் தாண்டும் வேலூரிலோ திருச்சியிலோ வைக்கும் கண்டென்ஸருக்கும் ஜாதகம் ஒன்றாக இருக்குமா?

மின்சாரக் காரில் இந்த விவகாரம் இன்னும் முற்றிவிடுகிறது. மோட்டாருக்குப் பக்கத்தில் இருக்கும் மின்மாற்றுப் பெட்டியில் உஷ்ணம் 140 டிகிரி வரையில் போகக்கூடும். கண்டென்ஸருக்காகவே அதைக் குளிர்வித்து 70 டிகிரி அளவுக்கு இறக்க வேண்டியிருக்கிறது. அதற்கொரு குழாய், ஒரு பம்பு, ஒரு ரேடியேட்டர், அவற்றின் எடை, அவற்றின் விலை. மின்சாரத்தைத் திறந்து மூடும் சிலிக்கன் சுவிட்சுகளின் இடத்துக்கு இப்போது சிலிக்கன் கார்பைடு சுவிட்சுகள் வந்துவிட்டன. அவை 175 டிகிரியிலும் சளைப்பதில்லை. பெட்டியில் மற்ற எல்லாரும் வெயிலுக்குத் தயார். இந்த ஏடு ஒன்றுக்குத்தான் குடை வேண்டும்.

வெயில் தாங்கும் வேறு பாலிமர் இல்லையா என்று எவரும் கேட்பார்கள். தாராளமாக உண்டு. பாலியிமைடு என்பது 300 டிகிரிக்கு மேலும் உருகாது. ஆகாசக் கப்பல்களில் போர்த்துகிறார்கள். ஆனால் அதை உறுதியாக்குவதே அதற்கு வினையாகிறது. அதன் சங்கிலியில் பென்ஸீன் வளையங்கள் கோத்துக் கிடக்கின்றன. வளையங்களால் சங்கிலி விறைப்பாகி வெப்பத்தைத் தாங்குகிறது. அதே வளையங்களில் எலெக்ட்ரான்கள் தளர்ச்சியாக இருப்பதால் பலத்த வோல்டேஜும் சூடும் சேர்ந்தபோது ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவிப் போய்விடுகின்றன. கல் மாதிரி கெட்டியான கரை, ஆனால் உள்ளே முழுவதும் நண்டு வளை! போதாக்குறைக்கு, உடைப்பு நேர்ந்தால் இந்த வளையப் பாலிமர்கள் கற்பூரம்போல் போவதில்லை. கரியை விட்டுவிட்டுப் போகின்றன. தானே அடைபடும் குணமும் போயிற்று. விறைப்பு வேண்டும், வளையத்தின் தளர்ச்சி கூடாது என்றால், வழுக்காத எண்ணெய் கேட்ட கதைதான். உலகத்துப் பாலிமர் விற்பன்னர்கள் வெகு காலம் இந்த இடத்திலேயே முட்டிக்கொண்டு நின்றார்கள்.

2015-இல் அமெரிக்காவில் பென்ஸில்வேனியா ராஜ்யப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஒரு குழு, போரான் நைட்ரைடு என்ற பொருளை அணுக் கனமுள்ள தகடுகளாக உரித்து, வெப்பம் தாங்கும் ஒரு பாலிமருக்குள் கலந்து ஏடாக்கிக் காட்டிற்று. கரையில் கல் பாவுகிறோமே, அந்த யுக்தி. அந்தத் தகடு மின்சாரத்தைத் தடுக்கும். ஆனால் வெப்பத்தை விரைவாய் வெளியே கடத்திவிடும். கசிவும் குறைந்தது, கசிவால் உண்டான சூடும் தங்கவில்லை. 150 டிகிரியில் நன்றாகவும், 250 டிகிரியில்கூடப் பரவாயில்லை என்னும்படியாகவும் அந்த ஏடு வேலை செய்தது.

மற்றொரு வழியில் போனவர் ரம்பி ராம்பிரசாத். சென்னை ஐ.ஐ.டி.யில் உலோகவியல் படித்துப் பட்டம் பெற்று, பின்னர் அமெரிக்கா சென்று, அங்கே ஜார்ஜியா தொழில்நுட்பக் கல்விநிலையத்தில் புரொபஸராக இருப்பவர். ஒரு பாலிமரைச் சமைத்து, உலர்த்தி, சோதித்துப் பார்க்க மாதங்கள் ஆகும். எழுதிப் பார்க்கக்கூடிய பாலிமர்களோ கோடி கோடி. ஆகவே முதலில் கணக்கில் சமைத்துப் பார்ப்பது என்பது அவருடைய முறை. எலெக்ட்ரான் எளிதில் தாவுமா, எந்த உஷ்ணத்தில் இளகும் என்று யந்திரத்தையே மதிப்பிடச் செய்து, தேறினதை மட்டும் அடுப்பேற்றுவது. செயற்கை அறிவின் துணையால் இவ்விதம் தேர்ந்தெடுத்த பாலிநார்போர்னீன், பாலியிமைடு வம்சத்துப் பாலிமர்களைப் பற்றி அவரும் தோழர்களும் 2024-இல் அறிக்கை வெளியிட்டார்கள். அவற்றுள் ஒன்று 200 டிகிரி உஷ்ணத்தில் கன சென்டிமீட்டருக்கு 8.3 ஜூல் தேக்கிற்று. அந்த உஷ்ணத்தில், கடையில் வாங்கக்கூடிய எந்தப் பாலிமரும் தேக்குவதைப்போல் இது பதினொரு மடங்கு. பாலிபுரொப்பிலீன் அறை உஷ்ணத்தில் தன் கடைசி மூச்சு வரையில் பிடித்தால் ஐந்து ஜூல் என்று முன்னே சொன்னேன். அது உருகிப்போன பிறகும் முப்பது டிகிரிக்கு மேல் சூட்டில், அதைவிட அதிகமாக இது தேக்குகிறதென்றால் சாமானியமா?

பெருமைப்பட வேண்டிய செய்திதான். ஆனால் பெருமையோடு நிறுத்திக்கொள்ளும் பழக்கம் நமக்கு ஒன்று உண்டு. ‘நம்மவர்’ என்று சொல்லிவிட்டால் காரியம் முடிந்துவிட்டதாக எண்ணம். பரிசோதனைச் சாலையில் பிறந்த ஏடு உள்ளங்கை அகலத் துண்டு. புகளூர் போன்ற நிலையத்துக்கு வேண்டியது கிலோமீட்டர் கணக்கான சுருள். பரப்பு பெருகப் பெருக, அதில் ஒரு பலவீனமான புள்ளியாவது அகப்படும் வாய்ப்பும் பெருகும். கரை பத்து மைல் நீளமானாலும் உடைவது அதன் மிக மெலிந்த ஒரு முழத்தில்தானே?

ஏடு செய்வது லேசான தொழில் அல்ல. பாலிமர் மணிகளை உருக்கிக் கெட்டித் தகடாக வார்த்து, முதலில் நீளவாட்டில் ஏறக்குறைய ஐந்து மடங்கும், பிறகு அகலவாட்டில் ஒன்பது மடங்கும் இழுக்கிறார்கள். நம் வீட்டுப் பாட்டிமார்கள் அப்பளம் இடும்போது குழவியை இரண்டு வாட்டத்திலும் ஓட்டுகிற கைப்பக்குவம் இதில் யந்திரத்துக்கு வேண்டும். எங்கேயும் கிழியாமல் இரண்டு மூன்று மைக்ரான் வரையில் இறக்கி, பின் காற்றில்லாத அறையில் அலுமினியத்தையோ துத்தநாகத்தையோ ஆவியாக்கி அதன்மேல் படிய விடுகிறார்கள். நம் தேசத்தில் வங்காளத்துப் பார்ஜோராவில் எக்ஸ்ப்ரோ இந்தியா என்ற கம்பெனி கண்டென்ஸருக்கான பாலிபுரொப்பிலீன் ஏட்டைத் தயாரிக்கிறது. போதாததை வெளிநாட்டிலிருந்து தருவித்துக்கொள்கிறோம். அந்த ஏட்டுக்கு வேண்டிய பரிசுத்தமான பாலிமர் மணியைச் செய்யும் ஆலைகள் உலகத்திலேயே விரல்விட்டு எண்ணக்கூடியவை. அப்பிரக காலத்தில் மூலப்பொருள் நம்மிடமும் வேலைப்பாடு பிறரிடமும் இருந்தது. இப்போது மணலியில் கச்சா எண்ணெயைக் காய்ச்சும்போது புரொப்பிலீன் வாயு கிடைக்கிறது. கணக்குப் போடும் மூளையும் இங்கே படித்ததாகவே இருக்கிறது. நடுவே உள்ள பக்குவமும் பொறுமையுந்தான் இன்னும் நம் கைக்கு முழுமையாய் வந்து சேரவில்லை.

புது ஏடு ஒன்று வந்தால் அதைச் சோதிப்பதற்கு இடமில்லாமல் இல்லை. பெங்களூரில் 1960-இல் ஏற்பட்ட மத்திய மின்சக்தி ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. அதே ஊரில் இந்திய விஞ்ஞானக் கழகத்தில் உயர் வோல்டேஜ் சாலை இருக்கிறது. சோதனை முறையும் எல்லாருக்கும் தெரிந்ததே. சூட்டறையில் வைத்து, தாங்க வேண்டிய வோல்டேஜுக்குச் சற்று அதிகமாகவே கொடுத்து, ஆயிரம் மணி, இரண்டாயிரம் மணி என்று காத்திருந்து, தேக்கம் எத்தனை சதவிகிதம் குறைந்தது என்று அளப்பார்கள். அவசரப்படுத்த வழியில்லாத சோதனை இது. 200 டிகிரியில் 8.3 ஜூல் தேக்கிய அந்த ஏடு, நாட்கணக்காய் அந்தச் சூட்டறையில் இருந்து, ஓட்டை விழுந்தால் கற்பூரமாய்ப் போகிறதா, கரியாய் நிற்கிறதா என்பதைப் பெரிய சுருளில் காட்டியாக வேண்டும். அதற்கு முதலில் பெரிய சுருள் ஒன்றை எங்கேயாவது ஓர் ஆலை இழுத்துத் தர வேண்டும்.